சான் பிளாஸ் தீர்த்தம்

காபியில் சர்க்கரை இரண்டு கரண்டி போடச் சொல்லுங்கள், இன்ஸ்பெக்டர். பாடுகிறவர்களுக்கு இனிப்பு ஆகாது என்பதெல்லாம் சும்மா பேச்சு. இருபத்திரண்டு வருடமாகப் பாடுகிறேன், தொண்டைக்கு ஒன்றும் ஆகவில்லை.

மால்டாவுக்காக அந்த ஐரோப்பியப் பாட்டுப் போட்டிக்கு நாலு தடவை போயிருக்கிறேன். டிவியில் என்னைப் பார்த்திருக்க மாட்டீர்கள். நான் பின்னணிக் குரல்காரி. காமிரா திரும்பாத இருட்டில் மைக்கோடு நிற்பவள். பாட்டின் முடிவில் எட்டிப் பிடிக்கிற அந்த உச்ச சுரம் எப்போதும் என்னுடையது. முன்னால் நிற்கிற பெண் வாயைத் திறப்பாள், ஊர் கைதட்டும். அதில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. நாட்டுக்காகச் செய்வதுதானே.

இந்த வருடம் ரிட்டியான் போனாள். இருபது வயது, எங்கள் ஊர்ப் பெண், எங்கள் பேண்டு வாத்தியக் கழகத்தில் வளர்ந்தவள். தங்கமான பிள்ளை, யாருக்கு வேண்டுமானாலும் எழுதித் தருகிறேன். கடைசி ஒத்திகையில் அந்தச் சுரத்தை அவளே பிடித்துவிட்டாள். குழுத் தலைவர் சால்வுக்குத் தலைகால் புரியவில்லை.

"ஜோசெட், நாளைக்கு அந்த இடத்துல நீ பாட வேண்டாம். பொண்ணே பாடிடுவா. நீ சும்மா நின்னாப் போதும்."

ரிட்டியான் ஓடிவந்து கட்டிக்கொண்டாள். "உங்களக் கேட்டுக் கேட்டுத்தான் அக்கா கத்துக்கிட்டேன்." எனக்கு வயிறு எரிந்தது, மறைப்பானேன்.

மறுநாள் மதியம் ஓட்டல் அறையில் வழக்கம்போல ஆவி பிடிக்க உட்கார்ந்தாள். நான் ஒரு சின்ன பாட்டிலை நீட்டினேன். பிப்ரவரியில் பாதிரியார் இரண்டு மெழுகுவர்த்தியைக் குறுக்காகத் தொண்டையில் வைத்து மந்திரிப்பாரே, அந்தத் திருநாளில் வாங்கிய, தொண்டைக்குக் காவலான புனிதர் சான் பிளாஸ் தீர்த்தம் என்றேன். சிலுவை போட்டுக்கொண்டு தன் கையாலேயே கொதிநீரில் ஊற்றினாள். அது கழிவறை கழுவுகிற அமிலம். சான் பிளாஸை நம்பாத வேறு நாட்டுக்காரியாக இருந்தால் முதல் மூச்சிலேயே எழுந்து ஓடியிருப்பாள்.

"எரியுது அக்கா. நெஞ்செல்லாம் எரியுது."

"சான் பிளாஸ் வேலை செய்யறார் கண்ணு. இன்னும் நல்லா இழு."

தலைமேல் போர்த்திய துண்டை நான்தான் அழுத்திப் பிடித்திருந்தேன்.

சாயங்காலத்துக்குள் குரல் பாதி போய்விட்டது. சால்வு தலையில் கைவைத்துக்கொண்டார். "மேல போற இடமெல்லாம் நீயே பாடு ஜோசெட், மானத்தக் காப்பாத்து." ஊரில் பதினோரு வருடமாக முகம் பார்க்காத இரண்டு பேண்டு கழகங்களும் சேர்ந்து போட்டியைப் பார்க்கச் சதுக்கத்தில் திரை கட்டியிருந்தன. அதைக் கேட்டதும், கீழ்ச்சுர வரிகளையாவது பாடியே தீருவேன் என்று ரிட்டியான் அடம்பிடித்தாள். பாடினாள். அன்றைக்கு வாயை மூடி இருந்திருந்தால் குரல் பிழைத்திருக்கும் என்று டாக்டர் சொன்னாராம். ஆகவே முழுப் பழியையும் என் தலையில் கட்டுவது நியாயமில்லை. இப்போது அவள் பேசினால் வெறும் காற்றுதான் வருகிறது.

மூன்றாம் இடம் வாங்கினோம். திறந்த லாரியில் அவளை ஏற்றி ஊர்வலம் விட்டார்கள். என்னை யாரும் சந்தேகப்படவில்லை. ஒத்திகையில் மேடைப் புகை ஒத்துக்கொள்ளவில்லை என்றே நினைக்கிறார்கள். அவளும் சான் பிளாஸுக்கு இன்னும் மெழுகுவர்த்தி ஏற்றுகிறாள்.

பிறகு ஏன் வந்தேன் என்கிறீர்களா? பஸ்திசிப் பலகாரக் கடையில் அந்தப் பாட்டைப் போட்டார்கள். கடைக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "பாவம் அந்தப் பொண்ணு, கடைசியா எப்பேர்ப்பட்ட சுரம் பாடிட்டுப் போச்சு" என்றார். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

அமிலம் கொடுத்தது நான். அதைக் கீழே எங்காவது எழுதிக்கொள்ளுங்கள். முதல் வரியில், அந்தச் சுரம் பாடியது ஜோசெட் என்று எழுதுங்கள்.