பேர் வச்சவன் கொடுக்கணும்

ரன்வே: ...அட, கோடாலியை வாசல்லயே வச்சிட்டு வாப்பா. யாரும் தூக்கிட்டுப் போயிட மாட்டாங்க.

வந்தவன்: இடுப்புலயே இருக்கட்டும், அம்மணி. பழக்கம் அப்படி.

ரன்வே: சாப்பிடறப்பவுமா?

வந்தவன்: தூங்கறப்பவும்.

ரன்வே: நல்ல பெண்டாட்டிதான்! சரி, அடுப்புப் பக்கம் வந்து உட்காரு. பனிச் சறுக்குக் கட்டையிலயே மலை தாண்டி வந்தியா?

வந்தவன்: ஆமா. உங்க வீட்டுக்காரர்... எய்வின்ட்தானே பேரு?

ரன்வே: வழிப்போக்கன்னு சொன்னியே. என் வீட்டுக்காரர் பேரு மட்டும் தெரியுதா?

வந்தவன்: கீழ்ப்பண்ணையில சொன்னாங்க. எப்ப வருவாரு?

ரன்வே: வலையை இழுத்ததும். நான் கூழு ஊத்தறேன், நீ இவனைக் கொஞ்சம் பிடி.

வந்தவன்: ஐயையோ, எனக்குப் புள்ளையைத் தூக்கத் தெரியாது...

ரன்வே: கோடாலி தூக்கத் தெரியுதுல்ல? அதே மாதிரிதான். கொஞ்சம் மெதுவா.

வந்தவன்: பயல் கனக்கறானே! பேரு என்ன?

ரன்வே: இன்னும் வைக்கல. நான் ஒண்ணு சொன்னா அவர் ஒண்ணு சொல்றாரு... நீ என்ன ஜோலியா இந்தப் பக்கம்?

வந்தவன்: ஒருத்தியைத் தேடறேன். குளிர்காலத்து யூல் பண்டிகை விருந்து அன்னிக்கு வீட்டைவிட்டுக் காணாமப் போனவ. நான் அப்ப சின்னப் பையன்.

ரன்வே: அடேயப்பா, நோர் ராஜா கதையால்ல இருக்கு! இந்தப் பனி மாசத்துக்கும் அதுல வர்ற கோய் பேருதான்.

வந்தவன்: எங்க வீட்லயும் அந்தக் கதைதான் சொல்லுவாங்க. தோரி ராஜா பொண்ணு கோய் காணாமப் போனா. அண்ணன்காரங்க ரெண்டு பேர்ல கோர் கப்பல்ல தேடினான், நோர் பனியில தேடினான்...

ரன்வே: தேடப் போன நோர் பேரு நாட்டுக்கே ஆச்சு. தொலைஞ்சவ பேரு ஒரே ஒரு மாசத்துக்கு. அதுவும் பல்லு கிட்டிப்போற மாசம்!

வந்தவன்: சிரிக்க வைக்காதீங்க... புள்ளை முழிச்சுக்கப் போவுது.

ரன்வே: கடைசியில யாரு தூக்கிட்டுப் போனதாம்?

வந்தவன்: ரோல்ஃப்னு ஒரு ராஜா. நோர் தேடிப் போயி அவனோட சண்டை போட்டான்.

ரன்வே: விடாம சண்டை. ஒருத்தன் மேலயும் கீறல் விழல. அப்புறம்?

வந்தவன்: அப்புறம் சமாதானம். எனக்கு அந்த இடம்தான் பிடிக்கவே பிடிக்காது. அவ்ளோ தூரம் தேடிப் போயிட்டு, தூக்கிட்டுப் போனவனைச் சும்மாவா விடுவாங்க?

ரன்வே: தூக்கிட்டுத்தான் போனான்னு யாரு சொன்னா? கோய்கிட்ட யாராவது கேட்டாங்களா?

வந்தவன்: ...கேக்கல.

ரன்வே: நீ தேடறவகிட்ட?

வந்தவன்: இழுத்துட்டுப் போனான்னுதான் அப்பா சொன்னாரு. சாகறப்பவும் அதையேதான் சொன்னாரு.

ரன்வே: ...செத்துட்டாரா?

வந்தவன்: போன அறுப்புக் காலத்துல. அவர் கோடாலிதான் இது. 'அவன் தலையை எடு, அவளைக் கூட்டிட்டு வா'ன்னு கையில கொடுத்தாரு... ஏன், கண்ணைத் தொடைக்கறீங்க?

ரன்வே: புகை. வேற என்ன... பாரு, அழ ஆரம்பிச்சிட்டான். ஏதாவது பேச்சுக் கொடு.

வந்தவன்: என்னன்னு கூப்பிடறது?

ரன்வே: வாயில வர்றதைச் சொல்லேன்.

வந்தவன்: டேய் நோரு... நோர் ராஜா... அழக்கூடாது... அட, அடங்கிட்டானே!

ரன்வே: வச்சிட்டியே பேரு!

வந்தவன்: என்னது? சும்மா சொன்னேங்க!

ரன்வே: சும்மாவா? கையில ஏந்தின, பேர் சொன்ன, அவனும் ஏத்துக்கிட்டான். பேர் வச்சவன் பரிசு கொடுக்கணும். இல்லேன்னா பேரு ஒட்டாது. உங்க ஊர்ல இந்த வழக்கம் கிடையாதா?

வந்தவன்: உண்டு... ஆனா என்கிட்ட என்ன இருக்கு? பையில காஞ்ச மீனுதான்.

ரன்வே: மீன்காரன் புள்ளைக்குக் காஞ்ச மீனு! ஊரு சிரிக்கும்.

வந்தவன்: சறுக்குக் கட்டை?

ரன்வே: நீ திரும்பிப் போக வேணாமா? இடுப்புல என்ன?

வந்தவன்: இது முடியாது, அம்மணி. இது... வேலைக்கு வேணும்.

ரன்வே: நோர் இந்த நாட்டுக்கே தன் பேரை வச்சானே, என்ன பரிசு கொடுத்தான்?

வந்தவன்: கதையில அது வராது.

ரன்வே: வரும். தங்கச்சி எங்க இருக்க ஆசைப்பட்டாளோ, அங்கயே விட்டுட்டுப் போனான். அதைவிடவா பெரிய பரிசு?

வந்தவன்: நீங்க... யாரைப் பத்திப் பேசறீங்க?

ரன்வே: படகு கரை ஏறுற சத்தம் கேக்குது. அவர்தான். சீக்கிரம் சொல்லுப்பா. கையில புள்ளையா, கோடாலியா?

வந்தவன்: அவரு... உன்னை இழுத்துட்டு வரலையா, அக்கா?

ரன்வே: ஓடி வந்த படகுல பாதித் துடுப்பு நான்தான் போட்டேன்.

வந்தவன்: ...இந்தா, எடுத்துக்கோ. நோருக்கு. வளந்து விறகு வெட்டட்டும்... என்னை எப்ப கண்டுபிடிச்ச?

ரன்வே: நீ மலை இறங்கறப்பவே அப்பா கோடாலி தெரிஞ்சுதுடா. அதான் பேரு வைக்கலைன்னு புளுகினேன். உன்னை இனிமே பாக்கவே மாட்டேன்னு நெனச்சு, பொறந்த அன்னிக்கே இவனுக்கு உன் பேரை வச்சிட்டேன், கால்ஃப்.