முன்காட்சி கேட்ட முடிச்சூரார்

முத்தமிழில் மூன்றாம் தமிழை மூச்சாய்க் கொண்டவரே! முகம் காட்டினாலே முன்வரிசை முதல் கடைவரிசை வரை குலுங்கிச் சிரிக்கச் செய்த முடிச்சூர் அரிகிருஷ்ணனாரே! நீங்கள் திரையுலகிலிருந்து விடைபெறும் இந்நாளில், தாம்பரம் வட்டாரத் துணை நடிகர்களாகிய நாங்கள் உங்களை வாழ்த்தத்தான் கூடியிருக்கிறோம். ஆனால் வாழ்த்துவதா, வருந்துவதா, வழக்குக்குப் போவதா என்று விளங்காமல் விழிக்கிறோம். ஆகவே நடந்ததை அவையோர் முன் அப்படியே வைக்கிறோம்.

அரிகிருஷ்ணனார் 1981-இல் நடிக்க வந்தார். காவலராக, கல்யாணத் தரகராக, கடன்காரருக்கு ஒளியும் கணவராக அவர் கட்டாத வேடமில்லை, வாங்காத அடியில்லை. ஆனால் நடித்த படத்தின் கதை மட்டும் அவருக்குத் தெரிந்ததில்லை. நம் தொழில் வழக்கம் அது. காமெடி டிராக்கை ஒருவர் தனியாக எழுதுவார், தனியாகவே படம்பிடிப்பார்கள், பிறகு படத்தில் எங்கே இடமிருக்கிறதோ அங்கே செருகுவார்கள். எதன் நடுவே சிரிக்க வைத்தோம் என்று அறியாமலே அவர் கோடம்பாக்கத்தில் மின்சார ரயிலேறித் தாம்பரம் வந்து சேர்வார்.

சென்ற பொங்கலுக்கு அவர் தாம்பரம் தியேட்டரில் தம் படத்தைப் பார்க்கப் போனார். வந்தது வினை. திரையில் கதாநாயகனின் தங்கை இறந்து பாடையில் கிடக்கிறாள். அடுத்த நொடியே வேட்டி அவிழ ஓடி வருகிறார் நம்மவர். பக்கத்து இருக்கைக்காரர் கடுப்பாகிவிட்டார்.

"சாவு வூட்ல இன்னாடா இவன், பல்லக் காட்டிகினு ஓடியாறான்."

அரிகிருஷ்ணனார் துண்டால் முகத்தை மூடிக்கொண்டு இடைவேளையிலேயே வெளியேறினார். சில நாள் வீட்டைவிட்டு வரவே வெட்கப்பட்டார். பிறகு வந்தபோது, ரயிலடியில் பூ விற்கும் கங்கையம்மாள் அவரை நிறுத்தினார்.

"அண்ணா, அந்தப் படம் பாத்தேன். எம் பொண்ணு செத்துப் போனதுலேர்ந்து அழுதுகினேதான் இருந்தேன். அந்தப் பொண்ணு சாவுறதப் பாத்து நெஞ்சு அடச்சிகிச்சு. நீ ஓடியாந்த பாரு, அப்பத்தான் சிரிச்சேன். சிரிச்சது தப்பாண்ணா?"

அரிகிருஷ்ணனார் நேரே எங்களிடம் வந்தார். தாம் செய்தது அவமரியாதையா, ஆறுதலா என்று எங்களை ஒவ்வொருவராகக் கேட்டார். எங்களுக்கும் தெரியவில்லை. உண்மையைச் சொன்னால், இன்றும் தெரியவில்லை.

சென்ற மாதம் படப்பிடிப்பில், வழுக்கி விழும் காட்சிக்கு வேடம் போட்டு நின்றவர் இயக்குநரிடம் திரும்பினார்.

"இதுக்கு முன்னாடி இன்னா சீன் சார்?"

"அதெல்லாம் உங்களுக்கு எதுக்கு சார்? விழுங்க, போதும்."

"தெரியாம வுழ மாட்டேன் சார்."

சொன்னவர் பொய்மீசையைப் பிய்த்து மேசைமேல் வைத்துவிட்டு நடையைக் கட்டினார். அதையும் வேடிக்கை என்றெண்ணிப் படக்குழுவே கைதட்டியது. பத்திரிகைகள் அதற்கு ஓய்வு என்று பெயர் சூட்டின. நாங்களும் மாலையும் கையுமாக வந்துவிட்டோம். எங்களைப் போல் குழம்பியவர்கள் எவருமில்லை.

அந்த வேடம் இப்போது, இம்மடலை வாசிக்கும் லோகநாதனுக்கு வந்திருக்கிறது. பிள்ளைகுட்டிக்காரர், மறுக்க வழியில்லை, நாளைக் காலை போகிறார். ஆனால் விழுவதற்கு முன் அதே கேள்வியைக் கேட்பார். அவரை அனுப்பிவிட்டால் அடுத்து அழைக்கப்படுபவர் கேட்பார். பதில் வரும்வரை எங்களில் ஒருவரும் விழமாட்டோம்.

அரிகிருஷ்ணனாரே, நோய் அண்டாமல் நெடுங்காலம் வாழ்க! முன்பின் தெரிந்து நீங்களே நடத்தும் நாட்களாக இனி உங்கள் நாட்கள் அமைக!

இங்ஙனம்,
நாளை உங்கள் கேள்வியைக் கேட்கவிருக்கும்
தாம்பரம் வட்டாரத் துணை நடிகர்கள்
1996