பலகையின் அடி வரி

பலகை எழுதுகிறவனுக்குக் கை நடுங்கக் கூடாது, இன்ஸ்பெக்டர் ஐயா. தொண்ணூற்று மூன்றிலிருந்து ஆறு வருடமாக இந்தச் சுரங்கத்து வாசலில் அறிவிப்புப் பலகை எழுதுகிறேன். என் கை நடுங்கியதில்லை.

எனக்கு முன்னால் எழுதியவர் எல்லா வரியையும் ஒரே அளவில், எறும்பு ஊர்வதுபோல எழுதுவார். ஒருநாள் வெடி நேரம் மாறிய சேதி அதன் நடுவில் எங்கோ கிடந்தது. என் தம்பி பர்னபாஸ் அது தெரியாமல் பூமிக்கடியில் வெடி வைத்திருந்த லெவலுக்குள் போனான், திரும்பவில்லை. ஆட்களுக்குப் படித்துச் சொல்வது மேஸ்திரி தாமோதரனின் வேலை. விசாரணையில் அவன் சாவகாசமாகச் சொன்னான்: "எல்லாம் எழுதித்தான் கீது, தொரை. படிக்காதது அவன் தப்பு."

பிறகு பலகை என் கைக்கு வந்தது. வெடி நேரத்தை மேலே, ஜாண் உயரத்தில், சிவப்பில் எழுதினேன். அடுத்து ஷிஃப்ட், கறுப்பில். மற்ற சில்லறைச் சேதியெல்லாம் அடியில், சின்னதாக. சீக்கிரமே பழகிவிட்டது. தாமோதரன் சிவப்பு வரியைச் சத்தமாகப் படிப்பான். ஆட்கள் கேஜில், அந்த இரும்புக் கூண்டில், ஏறிக் கீழே போவார்கள். அடி வரியை ஒருவரும் பார்ப்பதில்லை. வெடியால் ஓர் உயிர்கூடப் போகவில்லை. எல்லோரும் என்னைப் பாராட்டினார்கள். நான் காத்திருந்தேன்.

போன செவ்வாய்க்கிழமை, வெடி இரண்டு மணிக்கு அல்ல, பதினொன்றுக்கு என்று ஆபீசிலிருந்து சீட்டு வந்தது. மேலே சிவப்பில், 'கேஜ் பழுது பார்த்தாயிற்று' என்று எழுதினேன். அது உண்மை. வெடி நேரத்தை அடியில், விரற்கடை உயரத்தில் எழுதினேன். அதுவும் உண்மை.

தாமோதரன் மேல் வரியைப் படித்துவிட்டுத் திரும்பினான். "இன்னா இன்பராஜு, வெடி நேரம் மாறலியே?"

"எல்லாம் எழுதித்தான் கீது, மேஸ்திரி."

தலையாட்டிவிட்டுக் கேஜில் ஏறினான்.

பதினொரு மணிக்கு நான் பிரஷ்ஷைக் கழுவிக்கொண்டிருந்தேன். காலடியில் தரை அதிர்ந்தது. மனம் குளிர்ந்தது, அதை மறைப்பானேன்.

அவனோடு ஆறு பேர் போனார்கள். அதில் ஒருவன், மரியகுழந்தை, என் தம்பியின் சவப்பெட்டிக்குத் தோள் கொடுத்தவன். அவர்களுக்கு எழுத்துத் தெரியாது என்கிறீர்கள். கேட்டிருக்கலாமே, சொல்லியிருப்பேன்.

செத்தவர்களின் பெயரை எழுதித் தரச் சொன்னீர்கள். இதோ. மேலே பெரிதாக தாமோதரன். நான் கொன்றது அவனை மட்டும்தான். மற்ற ஆறு பேரும் அடியில் இருக்கிறார்கள். கொஞ்சம் உற்றுப் பார்க்க வேண்டும்.