அப்பாவுக்கு, உப்பு கம்மி

நீங்க எல்லாரும் குடும்பம் குட்டியோட வந்து உக்காந்திருக்கீங்க... அதனால ஒரு சின்னக் கதை சொல்லணும்னு தோணுது. கொஞ்சம் காது கொடுங்க.

கோபிச்செட்டிப்பாளையத்துல எனக்கு ஒரு நண்பர். குமரேசன். மின்வாரியத்துல இஞ்சினியர். அவரு சம்சாரம் தமயந்தி. கல்யாணமாகி இருபத்தஞ்சு வருஷம் கழிச்சு ரெண்டு பேரும் முதல் தடவையா வெளிநாடு போறாங்க. எங்க? ஜப்பான்! டூர் கம்பெனியில இருபது பேரோட ஒரு கூட்டம்.

நாலாவது நாள் கியோட்டோ ஊர்ல ஒரு வீட்டுல சமையல் வகுப்பு. காலையில பத்து மணிக்கு. தமயந்திக்கு அந்த டூர்லயே அதுதான் ஆசை. கோயிலைப் பாத்தாச்சு, ரயிலைப் பாத்தாச்சு... அடுப்படியைப் பாக்க வேண்டாமா?

ஆனா அன்னைக்குக் காலையில ஏழு மணிக்கு, தமயந்தி குளிச்சுக்கிட்டு இருக்கும்போது, குமரேசனுக்கு ஒரு போன். தமயந்தியோட அண்ணன் சண்முகவேல்.

"மாப்ள... அப்பா போயிட்டாருங்க. விடியக்காலம் மூணு மணிக்கு. தூக்கத்துலயே."

இவரு குளியலறைக் கதவைத் திரும்பிப் பாத்தாரு.

"மாப்ள, தமயந்திகிட்டச் சொல்லிப்போடாதீங்க. பன்னெண்டு மணிக்கு எடுக்கறோம். எப்படியும் அவ வந்து சேர முடியாது. அந்த ஊர்ல தனியா அழுதுக்கிட்டு என்ன பண்ணுவா? ஊருக்கு வந்ததும் சொல்லிக்கலாம். சத்தியம் பண்ணுங்க."

இவரும் சத்தியம் பண்ணிட்டாரு.

சமையல் வகுப்புக்குப் போனாங்க. சொல்லித்தர்ற அம்மா பேரு மிச்சிகோ. அவங்க ஜப்பான் மொழியில சொல்லச் சொல்ல, கைடு தமிழ்ல சொல்றாரு. கடல்பாசியையும் காஞ்ச மீன் சீவலையும் போட்டு ஒரு தெளிவான ரசம் மாதிரி எடுக்கணும். அதுல முட்டையை அடிச்சுக் கலந்து, சின்னக் கிண்ணத்துல ஊத்தி, ஆவியில வேக வைக்கணும். தீ மெதுவா இருக்கணும். அவசரப்பட்டா முட்டை பூரா ஓட்டை ஓட்டையா ஆயிரும்.

குமரேசனால நிக்க முடியுமா? கிண்ணத்தை எடுக்கறாரு, வைக்கறாரு. சட்டைப்பையில போன் நடுங்குது. வெளியே ஓடுறாரு. வர்றாரு. மறுபடியும் ஓடுறாரு. தீயைக் கூட்டி வெச்சிட்டாரு... மூடியைத் திறந்தா, கிண்ணம் முழுக்க ஓட்டை! கூட வந்தவங்க சிரிக்கறாங்க. தமயந்தி கேக்கறாங்க...

"ஏனுங்க, வயிறு சரியில்லீங்களா?"

"ஒண்ணுமில்ல. ஆபீஸ் விஷயம்."

தமயந்தி செஞ்ச கிண்ணம் எப்படி வந்துச்சு தெரியுமா? கண்ணாடி மாதிரி! ஒரு கரண்டி வாயில வெச்சா... கரைஞ்சு போகுது. தமயந்தி முகத்தைப் பாக்கணுமே! மிச்சிகோகிட்டக் கேக்கறாங்க...

"ஏங்க, பல்லு இல்லாதவங்க இதைச் சாப்பிடலாமுங்களா?"

"சாப்பிடலாமே. யாருக்கு?"

"எங்கப்பாவுக்கு. எண்பத்தோரு வயசு. கஞ்சி குடிச்சுக் குடிச்சு நாக்கு செத்துப் போச்சுன்னு புலம்புவாரு. மாத்திரை சாப்பிடலைன்னு கிளம்புற அன்னைக்கு வேற சத்தம் போட்டுட்டு வந்துட்டேன். போனதும் இதைச் செஞ்சு குடுத்துச் சமாதானம் பண்ணணும்."

குமரேசன் பக்கத்துலதான் நிக்கறாரு. கேட்டுக்கிட்டு நிக்கறாரு!

தமயந்தி ஒரு சின்ன நோட்டை அவர் பக்கம் தள்ளினாங்க. "என் கை ஈரமா இருக்குதுங்க. நீங்க எழுதுங்க. ஒரு பங்கு முட்டைக்கு மூணு பங்கு ரசம். எழுதிட்டீங்களா? அதுக்குக் கீழே எழுதுங்க... அப்பாவுக்கு, உப்பு கம்மி."

எழுதினாரு. 'அப்பாவுக்கு'ன்னு எழுதினாரு... பேனா அங்கேயே நின்னு போச்சு.

"என்னங்க ஆச்சு? எழுதுங்க."

அவர் தலையைத் தூக்கல. "தமயந்தி... அப்பா இல்லம்மா."

அந்தப் பொண்ணு கத்தல. அடுப்பை அணைச்சுது. கேட்டுது பாருங்க...

"எடுத்துட்டாங்களா?"

"இல்ல. நம்ம ஊர் நேரம் பன்னெண்டு மணிக்கு."

சுவர்க் கடிகாரத்தைப் பாத்துச்சு. அங்க மதியம் பன்னெண்டரை. நம்ம ஊர்ல காலை ஒம்பது. "அப்ப இன்னும் மூணு மணி நேரம் இருக்குது. வீடியோ கால் போடுங்க."

மிச்சிகோவுக்கு பாஷை புரியல. ஆனா முகம் புரிஞ்சுது. மத்தவங்களையெல்லாம் அடுத்த அறைக்குக் கூட்டிட்டுப் போயி, கதவைச் சாத்திட்டாங்க.

போன்ல அண்ணன் கத்தறான். "சொல்லிட்டீங்களா மாப்ள? சத்தியம் பண்ணீங்களே!" தமயந்தி சொன்னாங்க: "அண்ணா, பேசாத. அப்பா பக்கத்துல கொண்டு போ." ஐஸ் பெட்டிக் கண்ணாடி முழுக்க ஆவி. "தொடச்சு விடு." தொடச்சான். முகம் தெரிஞ்சுது.

"அப்பா... அன்னைக்குச் சத்தம் போட்டுட்டேன். மனசுல வெச்சுக்காதீங்கப்பா."

அதுக்கப்புறம்தான் அழுதாங்க. அவங்க அழுது முடியற வரைக்கும் குமரேசன் பக்கத்துலயே உக்காந்திருந்தாரு. அதுவரைக்கும் நிலைகொள்ளாம தவிச்ச மனுஷன்... அப்பதான் ஒரு இடத்துல உக்காந்தாரு.

ரெண்டு மாசம் கழிச்சு தமயந்தி என்கிட்ட என்ன சொன்னாங்க தெரியுமா? "அஞ்சு மணி நேரம் என்னை ஏமாத்திட்டாருங்கண்ணா. அது இன்னும் வலிக்குது. ஆனா எடுக்கறதுக்கு முன்னாடி சொல்லிட்டாரு பாருங்க... அதனாலதான் அவரு மூஞ்சியில முழிக்க முடியுது. அண்ணன்கிட்ட இன்னும் பேசலை."

இப்ப சொல்லுங்க. அந்த அண்ணன் கெட்டவனா? இல்ல! தங்கச்சி மேல உயிரையே வெச்சிருக்கறவன். நாமளும் அப்படித்தானே? டாக்டர் சொன்னதை அம்மாகிட்டச் சொல்றதில்ல. வேலை போனதைப் பொண்டாட்டிகிட்டச் சொல்றதில்ல. கேட்டா... 'அவங்க தாங்க மாட்டாங்க!' தாங்க மாட்டாங்கன்னு யாருங்க முடிவு பண்ணது? நாம. உண்மையில யாரால தாங்க முடியல? அவங்க அழறதைப் பாக்க நம்மளால தாங்க முடியல!

ஒருத்தர் அழ வேண்டிய நேரத்துல அழறதுக்கு அவங்களுக்கு உரிமை இருக்கு. பக்கத்துல உக்காருங்க, கையைப் பிடிச்சுக்கோங்க, கூடச் சேர்ந்து அழுங்க. ஆனா அந்த உரிமையைப் பிடுங்கி வெச்சுக்கிட்டு... அதுக்குப் பாசம்னு மட்டும் பேர் வைக்காதீங்க.