பாழுங்கிணற்றுக் காட்சி

எனக்குத் தண்ணீர் என்றாலே பயம், நீதிபதி அவர்களே. ஒஸ்தியா கடற்கரைக்குப் போனால்கூடக் காலணியைக் கழற்றாமல் மணலில் உட்கார்ந்து திராட்சை தின்றுவிட்டு வருகிற ஆள் நான்.

ரோமில் நெடுநாளாகப் படம் எடுக்கிறேன். பெரும்பாலும் எண்ணெய் பூசிய பயில்வான்கள் அட்டைத் தூண்களைச் சாய்க்கிற படங்கள். ஒரு தூண் என் தலையிலேயே விழுந்தது. விமர்சகர்கள் அந்தத் தூணை மட்டும் பாராட்டினார்கள். அந்த எரிச்சலில்தான் பழைய நாவல் ஒன்றை எடுத்தேன். நல்லவள் அடிமேல் அடி வாங்குவாள், கெட்டவள் கொழிப்பாள். பாதிரிமார் மேடையில் திட்டிவிட்டு வீட்டில் ஒளித்து வைத்துப் படிக்கும் புத்தகம். முடிவில் மட்டும் அறத்தை ஜெயிக்கவைத்தால் தணிக்கைக்காரர்கள் விட்டுவிடுவார்கள். ஆடு நனைகிறதே என்று ஓநாய் அழுத கதைதான். நான் கொஞ்சம் தொந்தி வைத்த ஓநாய்.

நல்லவளாக நடித்தவள் நிவெஸ். எங்கள் தொழில் வழக்கம் உங்களுக்குத் தெரிந்திருக்கும். படப்பிடிப்பில் ஒலிப்பதிவு கிடையாது. குரலைப் பிறகு வேறு ஆட்கள் கொடுப்பார்கள். வசனம் மண்டையில் ஏறாதவர்கள் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணி வாயசைப்பார்கள். நிவெஸும் அப்படித்தான். காதலனிடம் கெஞ்சும்போதும் எண்ணிக்கைதான்.

அன்று பாழுங்கிணற்றுக் காட்சி. அவளைக் கிணற்றுக்குள் கட்டிப்போட்டுத் தண்ணீரைத் திறந்துவிட்டோம். நெஞ்சளவு வந்ததும் முடிச்சை அவளே உருவிக்கொண்டு எழுந்துவிட வேண்டும். சணல் கயிறு நனைந்தால் இறுகும் என்று யாருக்கும் தோன்றவில்லை.

நான் கிணற்று விளிம்பில் நின்றேன். பம்பு இரைச்சலுக்கு நடுவே, கேமராவின் பின்னாலிருந்து தூல்லியோ கத்தினான்.

"அண்ணே, அந்தப் பொண்ணு என்னமோ கூப்பிடுற மாதிரி இருக்கே?"

"எண்ணிக்கிட்டிருக்காடா. நீ பாட்டுக்கு ஓட்டு," என்றேன்.

நிவெஸ் எழவே இல்லை. விபத்து என்று முடித்தார்கள். எல்லோரையும்விடப் பெரிய மலர்வளையம் என்னுடையது. அந்தக் காட்சிக்கு ஒரு பிரார்த்தனையைக் குரலாகச் சேர்த்தேன். திருச்சபை ஆயர் படத்தைத் தடைசெய்யச் சொன்னார், அதனாலேயே கூட்டம் நெரிந்தது. கிணற்றுக் காட்சியில் அரங்கமே அழுதது.

நிவெஸின் தாய் பியெரினாவுக்குப் பிறவியிலேயே காது கேளாது. மகளின் உதட்டைப் பார்த்தே பேசிப் பழகியவர். ஊரே பிரார்த்தனையைக் கேட்டபோது, அவர் மட்டும் மகள் சொன்னதைப் பார்த்திருக்கிறார். அரங்க வாசலில் என் சட்டையைப் பிடித்துக்கொண்டார்.

"கயிறு அவுரல, தண்ணிய நிறுத்துங்கன்னு என் மக உன்னப் பாத்துதானே சொன்னா?"

ஆமாம். எனக்குத் தெளிவாகவே கேட்டது. அவள் எண்ணவில்லை என்பதும் தெரியும். நான் கையைத் தூக்கியிருந்தால் பம்பை நிறுத்தியிருப்பார்கள். தூக்கவில்லை. அப்படியொரு முகம் என் படம் எதிலும் அகப்பட்டதில்லை. எழுதிக்கொள்ளுங்கள்.

அதற்காக என்னை மனச்சாட்சி இல்லாதவன் என்று நினைத்துவிடாதீர்கள். அந்தக் காட்சியின் குரலுக்காக வாரக்கணக்கில் உழைத்தேன். அப்படியும் பிரார்த்தனை அவள் உதட்டில் சரியாக உட்காரவில்லை. அதற்கு மட்டும் அந்தத் தாயிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும்.