மொய் எழுதினவர்மேல் நோட்டீஸ்

நாமக்கல்லிலிருந்து சேலம் போகிற பஸ். எனக்கு முன் ஸீட்டில், மடியில் புதுப் பித்தளைக் குடத்தோடு உட்கார்ந்திருந்த காண்ட்ராக்டர், பக்கத்திலிருந்த வக்கீல் குமாஸ்தாவிடம் கேட்டார்:

"நம்ம ஊட்டுக் கல்யாணத்துல மொய் எழுதின எஞ்சினீயரு மேல எப்படீங்க நோட்டீசு உடறது?"

"பாலம் கட்டின பணம் சர்க்கார் தரோணும். நோட்டீசு கலெக்டருக்குப் போகும். ரெண்டு மாசம் பொறுத்துக் கேசு போடலாம். இதுல எஞ்சினீயருக்கு என்னங்க?"

"பில்லைக் கெடப்புல போட்டது யாருன்னு அவரைத்தானுங்க புடிப்பாங்க. பாவம், கேக்கறப்பெல்லாம் 'மார்ச்சுல வந்துரும்'னுதான் சொன்னாரு."

"எழுத்துல குடுத்தாருங்களா?"

"வாயிலதானுங்க. எழுதிக் குடுங்கன்னு கேட்டா, அவரை நம்பலைன்னு ஆயிராதுங்களா?"

"பாலம் முடிஞ்சு எத்தனை வருசமுங்க?"

"போன ஆடியோட மூணு முடிஞ்சுதுங்க."

குமாஸ்தா விரல் விட்டு எண்ணிப் பார்த்தார்.

"மூணு வருசக் கெடு தாண்டிப் போச்சுங்க. இனி எந்தக் கோர்ட்டுலயும் எடுபடாது. முன்னமே அவரு ஒரு வரி எழுதிக் குடுத்திருந்தாக்கூட வழி இருந்திருக்கும்."

காண்ட்ராக்டர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

"கம்பிக் கடைக்காரரு கடனுக்கு மேட்டாங்காட்டு நெலத்தை எழுதிக் குடுத்துட்டேனுங்க. ஊட்டுல இன்னும் சொல்லலை."

ராசிபுரம் தாண்டியதும் குமாஸ்தாதான் பேச்சை மாற்றினார்.

"குடம் யாருக்குங்க?"

"எஞ்சினீயரு மகளுக்கு நாளைக்குக் கல்யாணமுங்க. அவரு நமக்குச் செஞ்சதைத் திருப்பிச் செய்யோணுமில்லீங்க? பாக்கி வெக்கக் கூடாதுங்களே."