ரந்தாவில் கிடைத்த கடைசி சிடி

ராக்கம்மா: ...கொஞ்சம் உக்காருங்க. நீங்க நின்னு பாத்தா மட்டும் அது வேகமா ஏறிடப் போவுதா?

தங்கராஜு: பாட்டு ஏறுறது எழுவது பர்சன்ட்டுலயே நிக்குது புள்ள.

ராக்கம்மா: கெட்டுப்போனா வேற சிடி போட்டுக்கலாம்.

தங்கராஜு: வேற ஏது? ரந்தாவ் டவுனு பூரா அலைஞ்சி கெடைச்சது இது ஒண்ணுதான். இப்பல்லாம் யாரு சிடி விக்கிறா?

ராக்கம்மா: அழிச்சி அழிச்சி பாட்டு ஏத்துவீங்களே, அந்த சிடி இருக்கே...

தங்கராஜு: அது அந்தக் காடி ரேடியோவுல பாடாதுலா.

ராக்கம்மா: எந்தக் காடி? பக்கத்து வீட்டு ரவிச்சந்திரன் லோரிக்குன்னு சொன்னீங்க?

தங்கராஜு: லோரிதான்... வாய் தவறிடுச்சி.

ராக்கம்மா: தள்ளுங்க, என்ன பாட்டுன்னு பாக்குறேன்... என்ன இது, பூராவும் தாலாட்டா இருக்கு?

தங்கராஜு: தாலாட்டுதான்.

ராக்கம்மா: செம்பனைக் குலை ஏத்துற லோரியில தாலாட்டு போட்டா, அவன் ஸ்டேரிங்லயே தூங்கிட மாட்டானா?

தங்கராஜு: என்னைய கேக்குறியே... ஞாயித்துக்கெழம பகாவ்ல ஒங்க அக்கா வீட்டுக்குப் போறேன்னியே, பையில எதுக்கு ரெண்டு டஜன் கண்ணாடி வளையல்?

ராக்கம்மா: என் பைய ஏன் தொறந்தீங்க?

தங்கராஜு: அக்காவுக்கா?

ராக்கம்மா: ...இல்ல. விமலாவுக்கு. ஏழாம் மாசம். நீலாய்ல வளைகாப்பு வச்சிருக்காங்க.

தங்கராஜு: எம்பது ஆயிடுச்சி...

ராக்கம்மா: நம்மள கேக்காம கட்டிக்கிட்டான்னு, பெத்த பொண்ணு பேரையே இந்த வீட்டுல எடுக்கக் கூடாதுன்னுட்டீங்க. ஒரு வருசமா நானும் வாயத் தொறக்கல. பொறந்த வீட்டு வளையல் இல்லாம அவ மணையில உக்காருவாளான்னு நெனச்சா எனக்குத் தாங்கல. திட்டுறதுன்னா திட்டுங்க. நான் போகத்தான் போறேன்.

தங்கராஜு: தொண்ணூத்தஞ்சு...

ராக்கம்மா: ஒங்ககிட்டத்தான் பேசுறேன்...

தங்கராஜு: இரு, இரு... ஆங், வந்துடுச்சி. இனி பாடும்.

ராக்கம்மா: உண்மையச் சொல்லுங்க. இது யாருக்கு?

தங்கராஜு: அவளுக்குத்தான். மாசமா இருக்கான்னு கேள்விப்பட்டு, போன வாரம் அவ பேக்டரி வாசல்ல போயி நின்னேன். அவ ஓட்டுற அந்தப் பழைய காடியில என்னைய ஏத்திக்கிட்டா. பஸ் ஸ்டேசன் வரைக்கும் ஒரு வார்த்த பேசல. நான் ஏத்திக் குடுத்த சிடியும் பாடல... அழிச்சி ஏத்துற சிடியக் குடுத்துட்டேன். எறங்குறப்ப, 'வேற கொண்டாங்கப்பா'ன்னா. ஒரு வருசத்துல எங்கிட்ட அவ பேசுனது அவ்வளவுதான் புள்ள... ஞாயித்துக்கெழம நானும் வரேன்.